பெயருக்குப் பொருள் தேடும்போது சறுக்கும் இடங்கள்

“சித்தப்பா, இந்தப் பேருக்கு லட்சுமின்னு அர்த்தம் போட்டிருக்கு. வைக்கலாமா?”

வேளச்சேரியில் இருக்கும் அண்ணன் மகள் போனில் கேட்டாள். பெண் குழந்தை பிறந்து ஒன்பது நாள். அவள் அனுப்பிய பட்டியலில் பதினாறு பெயர்கள். அதில் ஏழுக்கு ‘லட்சுமி’, நான்குக்கு ‘கடவுளின் பரிசு’. எல்லாம் ஒரு செயலியிலிருந்து எடுத்தவை. எந்த மொழிச் சொல், என்ன வேர் என்று ஒரு வரி கிடையாது.

மொழியைச் சொல்லாமல் பொருளை மட்டும் சொல்லும் பட்டியலை நம்புவதுதான் முதல் தவறு. சமஸ்கிருதப் பெயர் என்றால் மோனியர் வில்லியம்ஸ் அகராதி இருக்கிறது. தமிழ் என்றால் சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட தமிழ் லெக்சிகன். இரண்டையும் இணையத்திலேயே இலவசமாகப் புரட்டலாம். வேர்கூட அகப்படவில்லை என்றால், அண்மையில் யாரோ ஓசைக்காக ஒட்டவைத்த பெயராக இருக்க வாய்ப்பு அதிகம். புதுப் பெயர் வைப்பதில் தப்பே இல்லை. அதற்கு லட்சுமியைச் சாட்சிக்கு இழுக்க வேண்டாம், அவ்வளவுதான்.

அடுத்தது, படித்தவர்களும் சறுக்கும் இடம். தமிழில் எழுதியிருப்பதைப் பார்த்தே பெயரின் பூர்வீகத்தை முடிவு செய்வது. நம் எழுத்தில் ஒரே ‘க’ பல ஒலிகளுக்கு நிற்கும், ‘த’வும் ‘ப’வும் அப்படியே. அதனால் வெவ்வேறு மொழிப் பெயர்கள் தமிழுக்குள் வந்ததும் ஒரே சட்டையைப் போட்டுக்கொள்கின்றன. ‘பானு’ என்றால் சமஸ்கிருதத்தில் சூரியன். பானுமதி அந்த வழி. பாரசீகத்தில் பானு என்றால் சீமாட்டி. முஸ்லிம் பெண்களின் பெயரில் வருவது அது. திருவல்லிக்கேணியில் ஒரே தெருவில் இரண்டு பானுக்களும் இருக்கலாம், உறவே கிடையாது.

‘காந்தி’யும் அப்படித்தான். நெல்லையப்பர் கோயில் காந்திமதி அம்மனின் காந்தி, ஒளி என்ற பொருள் உள்ள வடசொல். மகாத்மாவின் காந்தி, மளிகை வியாபாரியைக் குறிக்கும் குஜராத்திக் குடும்பப் பெயர். நேரு என்பதும் குடும்பப் பெயர்தான்; கால்வாயைக் குறிக்கும் ‘நஹர்’ என்ற சொல்லிலிருந்து வந்தது. பிறருடைய குடும்பப் பெயரைப் பிள்ளைக்கு இயற்பெயராக வைப்பது நம் ஊரின் தனிக் குணம். ஸ்டாலின் இன்னும் ஒரு படி மேலே: அது குடும்பப் பெயர்கூட இல்லை, ஜுகாஷ்விலி என்ற ஜார்ஜியர் தனக்குச் சூட்டிக்கொண்ட புனைபெயர். ரஷ்ய மொழியில் ‘ஸ்தால்’ என்றால் எஃகு. அவர் 1953 மார்ச் 5 அன்று இறந்தார். அதே மார்ச் 1 அன்று பிறந்த மகனுக்குக் கருணாநிதி அந்தப் பெயரை வைத்தார். இதெல்லாம் தெரியாமல், பெயரைக் கேட்டதுமே மதத்தை ஊகிப்பவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

ஓசை ஒன்றுபோல இருந்தால் உறவு என்று முடிச்சுப் போடுவது இன்னொரு தவறு. கவின் என்றால் தமிழில் அழகு. கெவின் என்ற ஐரிஷ் பெயரிலும் அழகு என்ற பொருள் உள்ள ஒரு சொல் ஒளிந்திருக்கிறது. ஓசையும் ஒத்து, பொருளும் ஒத்து, ஆனாலும் தற்செயல்தான்! தலைகீழாகவும் நடக்கும். சின்னப்பனும் ‘பால்’ (Paul) என்ற கிறிஸ்தவப் பெயரும் ஒன்றே என்றால் நம்பச் சிரமமாக இருக்கும். ‘பவுலுஸ்’ என்றால் லத்தீனில் சிறியவர். அதைத்தான் பழைய கத்தோலிக்கத் தமிழ் சின்னப்பர் என்று ஆக்கிக்கொண்டது. யோவானின் எபிரேயப் பொருளில் இறையருள் இருப்பதால் அவர் அருளப்பர் ஆனார். சாந்தோமையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ‘சாந்தம்’, ‘ஓம்’ இரண்டும் சேர்ந்தது என்று பேருந்தில் ஒரு பெரியவர் எனக்கு விளக்கியிருக்கிறார். போர்த்துக்கீசியரின் புனித தோமா அது. தோமா என்றால் அரமேய மொழியில் இரட்டையரில் ஒருவர்.

அப்புறம், பெயரை வெட்டுவது. ‘அப்துல்’ தனிப்பெயர் இல்லை. ‘இன்னாரின் அடியார்’ என்பதில் முன்பாதி மட்டும். ரஹ்மான் சேர்ந்தால்தான் அருளாளனின் அடியார் என்று முடியும். அலுவலகத்தில் “அப்துல், இங்க வாங்க” என்றால் வாக்கியம் பாதியில் நிற்கிறது. நம் பெயர்களையும் நாம் விடுவதில்லை. பார்த்தசாரதி என்றால் அர்ச்சுனனுக்குத் தேரோட்டிய கண்ணன். ‘பார்த்தா’ என்று சுருக்கியதும் அவர் அர்ச்சுனன் ஆகிவிடுகிறார், ‘சாரதி’ என்றால் வெறும் ஓட்டுநர். வெங்கடேசனை ‘வெங்கட்’ ஆக்கினால் மலை மட்டும் மிஞ்சுகிறது, சாமி போய்விடுகிறார்.

கடைசிச் சொல் எப்போதும் குடும்பப் பெயர் என்று நினைப்பதும் வேண்டாம். கொரியாக்காரருக்குக் குடும்பப் பெயர் முதலில் வரும். கிம் என்பது அதுதான். ஐஸ்லாந்தில் பின்னால் வருவது பெரும்பாலும் அப்பா பெயர், நம் இனிஷியல் மாதிரி. அங்கேயும் ஆளை அவருடைய சொந்தப் பெயராலேயே கூப்பிடுகிறார்கள்.

ஆங்கில எழுத்தையும் ஒருமுறை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். ழகரத்துக்கு நாம் இசட், எச் போடுகிறோம். வடக்கே போனால் யாழினி ‘யாஸினி’ ஆகிவிடுவாள். எண் கணிதக்காரர் சொன்னார் என்று இரண்டு எழுத்தைக் கூட்டினால், பிறப்புச் சான்றிதழில் ஒன்று, பாஸ்போர்ட்டில் ஒன்று என்று அலைய நேரிடும்.

அவசரப்பட்டு ஆஸ்பத்திரியிலேயே பெயரை எழுதிக் கொடுக்கத் தேவையில்லை. பெயர் இல்லாமலே பிறப்பைப் பதிந்துவிட்டு, ஓராண்டுக்குள் கட்டணமில்லாமல் சேர்க்கலாம். அதற்குப் பிறகும் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடு இடமுண்டு. அண்ணன் மகளிடம் இதைத்தான் சொன்னேன். “சரி சித்தப்பா, மெதுவாப் பாக்கலாம்” என்றாள். இப்போதைக்கு எல்லோரும் ‘பாப்பா’ என்றுதான் கூப்பிடுகிறோம்.