30 லட்சம் வீட்டுக் கடன் கடைசியில் எவ்வளவு ஆகும்? நோட்டில் போட்டுப் பார்க்கும் முறை

மதுரைப் பக்கம் வட்டி என்றாலே நூற்றுக்கு மாதம் எவ்வளவு என்றுதான் பேச்சு. ஒரு ரூபாய் வட்டி, ஒன்றரை ரூபாய் வட்டி, இரண்டு ரூபாய் வட்டி. இந்தக் கணக்கில் 8.5 சதவீத வீட்டுக் கடன் ஏறத்தாழ 71 பைசா வட்டி. இரண்டு ரூபாய்க்குக் கைமாற்று வாங்கிப் பழகிய வீட்டில் இதைக் கேட்டால் உடனே கையெழுத்துப் போடத் தோன்றும். வட்டி குறைவுதான், மறுக்கவில்லை. ஆனால் கடன் எத்தனை மாதம் ஓடப்போகிறது என்பதைப் பலரும் கேட்பதில்லை. பெரிய செலவு அங்கேதான் இருக்கிறது.

அந்தக் கணக்கை ஆரம்பத்திலிருந்து போட்டுப் பார்ப்போம். ஒரு நோட்டு, பேனா, செல்போனில் இருக்கும் கால்குலேட்டர் போதும். உதாரணத்துக்கு, ஒத்தக்கடைப் பக்கம் 40 லட்சத்துக்கு ஒரு வீடு என்று வைத்துக்கொள்வோம். 10 லட்சம் கையிலிருந்து, 30 லட்சம் கடன், வட்டி 8.5 சதவீதம், 20 வருஷம். உங்கள் தொகையும் வட்டியும் வேறாக இருக்கும். கணக்குப் போடும் முறை இதேதான்.

படி 1: தவணையை மாதங்களால் பெருக்குங்கள்

கடன் தருபவரிடம் முதலில் கேட்க வேண்டியது, "லட்சத்துக்கு எவ்வளவு இஎம்ஐ?" என்பது. அதை உங்கள் கடன் எத்தனை லட்சமோ அத்தனையால் பெருக்கினால் மாதத் தவணை. தவணையை மொத்த மாதங்களால் பெருக்கினால் நீங்கள் கட்டி முடிக்கப்போகும் பணம். அதில் அசலைக் கழித்தால் மீதி வட்டி. 8.5 சதவீதத்தில் இப்படி வரும் (லட்சத்துக்கான தொகையை முழு ரூபாயாக்கி எழுதியிருப்பதால், பெருக்கினால் தவணையில் சில ரூபாய் வித்தியாசம் தெரியும்):

15 வருஷம்: லட்சத்துக்கு 985 ரூபாய். 30 லட்சத்துக்குத் தவணை 29,542. மொத்தம் 53.2 லட்சம், வட்டி 23.2 லட்சம்.
20 வருஷம்: லட்சத்துக்கு 868 ரூபாய். தவணை 26,035. மொத்தம் 62.5 லட்சம், வட்டி 32.5 லட்சம்.
25 வருஷம்: லட்சத்துக்கு 805 ரூபாய். தவணை 24,157. மொத்தம் 72.5 லட்சம், வட்டி 42.5 லட்சம்.
30 வருஷம்: லட்சத்துக்கு 769 ரூபாய். தவணை 23,067. மொத்தம் 83 லட்சம், வட்டி 53 லட்சம்.

"சார், இன்னும் பத்து வருஷம் கூட்டிக்கிட்டா மாசம் மூவாயிரம் குறையும்" என்று சொல்வார்கள். உண்மைதான், 2,968 ரூபாய் குறைகிறது. அதற்காக வட்டியில் கூடுவது 20 லட்சத்துக்கும் மேல். அதையே திருப்பிப் பாருங்கள்: 20 வருஷத்தை 15 ஆக்க மாதம் 3,507 ரூபாய் கூடுதலாகத் தேவை, மிச்சமாவது 9.3 லட்சம்.

ஒன்றை நியாயமாகச் சொல்ல வேண்டும். 20 வருஷம் கழித்துக் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி ஏறும், சம்பளமும் ஏறும், வாடகை கொடுக்கும் செலவும் மிச்சம். அதனால் 62.5 லட்சத்தைப் பார்த்துப் பயந்துபோய் வீடே வேண்டாம் என்று முடிவெடுக்கத் தேவையில்லை. தெரிந்துகொண்டு இறங்கினால் போதும்.

படி 2: ஒரு தவணையை இரண்டாகப் பிரியுங்கள்

இந்தப் படியைத் தயவுசெய்து தாண்டிப் போகாதீர்கள். நோட்டில் நான்கு கட்டம் போடுங்கள்: பாக்கி அசல், இந்த மாத வட்டி, இந்த மாதம் கழியும் அசல், புதிய பாக்கி.

மாத வட்டி காண, பாக்கி அசலை 8.5 ஆல் பெருக்கி 1,200 ஆல் வகுக்க வேண்டும். 30,00,000க்கு 21,250 ரூபாய். தவணை 26,035, ஆக அசலில் கழிவது 4,785 மட்டும். அடுத்த மாதம் பாக்கி 29,95,215. அதற்கு வட்டி 21,216, அசல் 4,819. இப்படியே இறங்கிக்கொண்டு போகும். குறைந்தது ஆறு வரிகளாவது கையால் எழுதிப் பாருங்கள். வட்டி எவ்வளவு மெதுவாகக் குறைகிறது என்பது எழுதும்போதுதான் உறைக்கும்.

இதே கணக்கைத் தொடர்ந்தால், முதல் 5 வருஷத்தில் 15.6 லட்சம் கட்டியிருப்பீர்கள்; பாக்கி அசல் 26.4 லட்சம். 10 வருஷம் முடியும்போது 31 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம். பாக்கி இன்னும் 21 லட்சம். தவணையில் அசல் பாதியைத் தாண்டுவதே 12ஆவது வருஷம் முடியும் சமயத்தில்தான்.

இதில் ஏமாற்று எதுவும் கிடையாது. பாக்கி எவ்வளவோ அதற்கு வட்டி, அவ்வளவுதான். பாக்கி பெரிதாக இருக்கும் முதல் வருஷங்களில் வட்டியும் பெரிது. இது புரிந்தால் பின்னால் வரும் படி 7 தானாகப் புரியும்.

படி 3: வட்டி ஏறினால் என்ன நீளும் என்று பாருங்கள்

இப்போது பெரும்பாலான வீட்டுக் கடன்கள் மாறும் வட்டியில்தான். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்படுகின்றன. பெரும்பாலும் அது ரெப்போ வீதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி. வீட்டு வசதி நிதி நிறுவனங்களில் அந்தந்த நிறுவனத்தின் சொந்த அளவுகோல் இருக்கும், எனவே எங்கே வாங்குகிறீர்கள் என்பதைக் கவனியுங்கள்.

ரெப்போ 2022 மே தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்தது. 2023 பிப்ரவரியில் 6.5 ஆகிவிட்டது. அந்தச் சமயத்தில் பலருக்குத் தவணை மாறவில்லை, அதனால் ஒன்றும் ஆகவில்லை என்று நினைத்தார்கள். நீண்டது மாதங்கள்.

நம் உதாரணத்தில் கடன் வாங்கிய புதிதிலேயே வட்டி 9.5 ஆகிறது, தவணை அதே 26,035 என்று வைத்துக்கொள்ளுங்கள். 240 மாதம் 309 மாதமாகிவிடும். மொத்தம் 80 லட்சத்தைத் தாண்டும். அதற்குப் பதிலாகத் தவணையை 27,964 ஆக்கி 20 வருஷத்திலேயே நிறுத்தினால் மொத்தம் 67.1 லட்சம். மாதம் 1,929 ரூபாய் கூட்டிக் கொடுத்தால் 13 லட்சம் மிச்சம்.

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட உத்தரவுப்படி, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்வு செய்யும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். இதுவரை வசூலான அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் அடங்கிய அறிக்கையை மூன்று மாதத்துக்கு ஒருமுறை கொடுக்கவும் வேண்டும். அந்த அறிக்கை வந்ததும் மீதித் தவணை எத்தனை என்பதை முதலில் பாருங்கள். கூடியிருந்தால் கிளைக்கு எழுதிக் கொடுத்துத் தவணையைக் கூட்டிக்கொள்ளுங்கள்.

படி 4: கடனுக்கு வெளியே போகும் பணத்தை எழுதுங்கள்

முதலில் பத்திரச் செலவு. தமிழ்நாட்டில் கிரையப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். அரசு குறித்திருக்கும் வழிகாட்டி மதிப்பு, வாங்கும் விலை இரண்டில் எது அதிகமோ அதற்கு. 40 லட்சத்துக்கு 3.6 லட்சம். இதற்குப் பொதுவாகக் கடன் கிடைக்காது. ஆக 10 லட்சம் கையில் வைத்திருந்தால் போதும் என்று நினைத்தவருக்கு உண்மையில் 13.6 லட்சம் தேவை. அதற்கு மேல் ப்ராசசிங் கட்டணம், அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீல் பார்க்கும் லீகல் ஒப்பீனியன், இன்ஜினியர் மதிப்பீடு, மூலப்பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான எம்ஓடி பதிவு.

பற்றாக்குறைக்கு நகையை அடகு வைத்தால் அந்த வட்டியும் வீட்டின் விலைதான். தனிப் பக்கத்தில் எழுதாதீர்கள், இதே நோட்டில் எழுதுங்கள்.

ஒத்தி வீட்டில் இருப்பவர்கள் ஒத்திப் பணத்தை முன்பணமாக நினைத்துத் திட்டம் போடுவது நம் ஊரில் சகஜம். நல்ல திட்டம்தான். ஆனால் வீட்டுக்காரர் அடுத்த ஒத்திக்காரரிடம் வாங்கித்தான் உங்களுக்குத் திருப்பித் தருவார் என்றால், பத்திரப் பதிவு நாளும் பணம் வரும் நாளும் பொருந்தாமல் போகலாம். இடையில் கைமாற்று வாங்க நேர்ந்தால் அது ஒன்றரை, இரண்டு ரூபாய் வட்டி. பதிவு நாள் குறிக்கும் முன்பே வீட்டுக்கார அண்ணனிடமோ அக்காவிடமோ உட்கார்ந்து தேதி பேசிவிடுங்கள்.

அப்புறம் காப்பீடு. கடனோடு சேர்த்து ஒரே பிரீமியமாக 1 லட்சம் என்று சொல்லி, அதையும் கடனிலேயே ஏற்றிவிடுவது உண்டு. அந்த 1 லட்சத்துக்கு மாதம் 868 ரூபாய், 240 மாதம், மொத்தம் 2.08 லட்சம். குடும்பத்துக்குக் காப்பீடு கட்டாயம் வேண்டும் என்பதே என் கருத்தும். ஆனால் அவர்கள் காட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை. வெளியே தனியாக டெர்ம் பாலிசி விலை கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

வீடு வந்த பிறகு மாநகராட்சிக்கு அரையாண்டுச் சொத்து வரி, பராமரிப்பு, சில வருஷத்துக்கு ஒருமுறை வெள்ளையடிப்பு. இவை தவணை முடிந்த பிறகும் தொடரும்.

படி 5: நீங்களே கட்டுவதாக இருந்தால்

மனை வாங்கி மேஸ்திரி வைத்துக் கட்டுபவர்களுக்குக் கடன் ஒரே தடவையில் வராது. அடித்தளம், லிண்டல், கூரை என்று வேலை ஏற ஏறக் கொடுப்பார்கள். அதுவரை கொடுத்த பணத்துக்கு வட்டி மட்டும் கட்டுவது முன் இஎம்ஐ. 15 லட்சம் வாங்கியிருந்தால் மாதம் 10,625 ரூபாய். அசலில் ஒரு பைசா கழியாது. வேலை ஆறு மாதம் தள்ளிப்போனால் 63,750 ரூபாய், கூடவே இருக்கும் வீட்டு வாடகையும். கொத்தனாரிடம் கூலி பேரம் பேசுவதைவிட வேலை முடியும் தேதியைப் பேசுவது லாபம்.

படி 6: முக்கிய விவர அறிக்கையைத் தமிழில் கேளுங்கள்

2024 அக்டோபர் 1 முதல் அனுமதிக்கப்படும் புதிய சில்லறைக் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை தர வேண்டும். அதில் வட்டியோடு மற்ற கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட வருடாந்திர சதவீத வீதம் இருக்கும். 8.4 என்று சொல்லும் இடத்தில் கட்டணங்கள் அதிகமாக இருந்தால், 8.5 சொல்லும் இடமே மலிவாக இருக்கலாம். இரண்டு இடத்திலும் இந்த ஓர் எண்ணை வாங்கி ஒப்பிட்டால் போதும். தவணை அட்டவணையும் அதனுடன் வரும்; படி 2இல் நீங்கள் எழுதிய வரிகள் அதோடு ஒத்துப்போகிறதா என்று பாருங்கள்.

கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் அறிக்கை இருக்க வேண்டும் என்பதும் விதி. அம்மாவோ அப்பாவோ இணைக் கடன்காரராகக் கையெழுத்துப் போடுகிறார்கள் என்றால் தமிழில் வாங்கி அவர்களுக்குப் படித்துக் காட்டுங்கள். குறைந்தது மூன்று வேலை நாள் அந்த அறிக்கை செல்லுபடியாகும். அங்கேயே உட்கார்ந்து கையெழுத்துப் போட அவசரமில்லை.

படி 7: முன்கூட்டிக் கட்டும் பணத்தை முதல் வருஷங்களில் கட்டுங்கள்

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது. இதைவிடப் பெரிய சலுகை வீட்டுக் கடனில் இல்லை என்பேன்.

முதல் வருஷ முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டினால், கடைசியில் சுமார் 18 தவணைகள் இல்லாமல் போகும். அதாவது 4.7 லட்சம் கட்ட வேண்டியதில்லை. அதே 1 லட்சத்தை 15ஆவது வருஷ முடிவில் கட்டினால் ஆறு தவணைகூட முழுதாகக் குறையாது. நோட்டை எடுத்துப் பார்த்தால் காரணம் தெரியும்: ஆரம்பத்தில் ஒவ்வொரு தவணையிலும் கழிவது ஐந்தாயிரம் சொச்சம் அசல்தான், 1 லட்சம் அசல் என்பது அப்படிப்பட்ட 18 வரிகளைத் தாண்டிப் போவது.

பெரிய தொகை இல்லாதவர்கள், தீபாவளி போனஸ் வரும்போது வருஷத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டலாம். 20 வருஷக் கடன் 16 வருஷம் 9 மாதத்தில் முடியும். 6 லட்சத்துக்கு மேல் மிச்சம். கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணை அப்படியே இருக்கட்டும்" என்று எழுத்தில் கொடுங்கள். தவணையைக் குறைத்துவிட்டால் மிச்சம் சிறிதாகிவிடும். ஆறு மாதக் குடும்பச் செலவைத் தனியாக எடுத்து வைத்த பிறகு இதைச் செய்யுங்கள். நகையோ வெளி வட்டியோ இருந்தால் அதைத்தான் முதலில் அடைக்க வேண்டும்.

"வரிச் சலுகை போய்விடுமே" என்று சிலர் தயங்குவார்கள். பழைய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கு வருஷம் 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம். 20 சதவீத அடுக்கில் இருப்பவருக்கு மிச்சம் சுமார் 40,000 ரூபாய். அதற்காக 2 லட்சம் வட்டியை வங்கிக்குக் கொடுப்பது கட்டுபடியாகாது. புதிய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கு இந்தக் கழிவும் இல்லை.

படி 8: முடிந்ததும் பத்திரம்

கடன் முழுவதும் அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள விதிப்படி, கடன் தந்தவர் பக்கம் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். பத்திரம் கைக்கு வந்ததோடு நின்றுவிடாதீர்கள். எம்ஓடி பதிவு செய்த சார்பதிவாளர் அலுவலகத்தில் அதற்கான ரசீது ஆவணத்தைப் பதிவு செய்ய வேண்டும். அப்புறம் வில்லங்கச் சான்றிதழ் போட்டு, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.