‘துக்ளக் தர்பார்’ என்று எழுதும் முன்

காலையில் போட்ட ஆணையை மாலையில் திரும்பப் பெற்றால் ‘துக்ளக் தர்பார்’. நையாண்டிக்குக் கச்சிதமான சொல்தான். அதையே விவாதத்தில் சான்றாக நீட்டும்போது சறுக்குகிறது.

2016 நவம்பர் 8-இல் 500, 1,000 ரூபாய் நோட்டுகள் செல்லாது என்றதும் ‘துக்ளக் செய்த அதே வேலை’ என்றார்கள். டெல்லி சுல்தான் முகமது பின் துக்ளக் செய்ததோ நேர் எதிர். 1330 வாக்கில் செம்பு, பித்தளைக் காசு அடித்து, தங்கா என்ற வெள்ளிக்காசின் மதிப்புக்கு வாங்கிக்கொள்ளச் சொன்னார். ‘சுல்தானுக்குக் கீழ்ப்படிபவர் இறைவனுக்குக் கீழ்ப்படிகிறார்’ என்று காசிலேயே பொறித்தும் பார்த்தார். செம்பு எல்லார் வீட்டிலும் இருந்தது. கள்ளக்காசைப் பிரித்தறிய வழியில்லை. கடைசியில் கஜானா வெள்ளியைக் கொடுத்துச் செம்பைத் திரும்ப வாங்க நேர்ந்தது. அங்கே புதுக்காசு புகுந்தது, இங்கே பழைய நோட்டு போனது. சொல்லப்போனால், அச்சிட்ட மதிப்புக்குச் செல்லும், இன்று நம் சட்டைப்பையில் இருக்கும் காகிதம்தான் துக்ளக்கின் யோசனைக்கு உறவு! 2016-ஐ விமர்சிக்க, வங்கிக்கே திரும்பி வந்துவிட்ட 99.3 சதவீத நோட்டு போதும், சுல்தான் எதற்கு?

அடுத்தது தலைநகர் மாற்றம். 1327-இல் தக்காணத்தின் தேவகிரிக்கு (அவர் வைத்த பெயர் தௌலதாபாத்) போனபோது டெல்லியில் நாய், பூனைகூட மிஞ்சவில்லை என்பது ஜியாவுத்தீன் பரணி எழுதியது. பதினேழு ஆண்டு அந்த அரசவையில் இருந்தவர். சுல்தான் இறந்து, தன் செல்வாக்கும் போனபின் 1357-இல் நூலை முடித்தார். ஊரில் மிஞ்சிய ஒரு குருடரை இழுத்துப்போய், தௌலதாபாத் சேர்ந்தது ஒரு கால் மட்டும்தான் என்ற கதை மொராக்கோ பயணி இபின் பதூதா சொல்வது. அவர் டெல்லிக்கு வந்ததே சில ஆண்டுகள் கழித்து. காதில் விழுந்த கதை. டெல்லிப் பக்கம் 1328-இல் வெட்டிய சமஸ்கிருதக் கல்வெட்டு கிடைத்திருக்கிறது, ஊர் காலியாகிவிடவில்லை. மேற்கோள் எடுக்கும்போது எழுதியவர் யார், எப்போது எழுதினார், அப்போது யார் தயவில் இருந்தார் என்று பாருங்கள்.

இதே கதையை இந்துக்களுக்கு இழைத்த கொடுமை என்று திருப்புவோரும் உண்டு. பெயர்க்கப்பட்டவர்களில் பெரும்பகுதி முஸ்லிம் பிரபுக்கள், உலமாக்கள் (மார்க்க அறிஞர்கள்), சூஃபிகள்.

வெறுமனே ‘துக்ளக்’ என்று எழுதினாலும் போதாது, அது வம்சப் பெயர். கால்வாய் வெட்டிய ஃபிரோஸ் ஷாவும் துக்ளக்தான்.

‘ஆதாரம்?’ என்று கேட்டதும் ‘சும்மா கிண்டல்தானே’ என்று நழுவுவது எல்லாவற்றிலும் மோசம். கார்ட்டூனுக்கு வசனம் எழுதினால் ஆண்டு போடாதீர்கள். ஆண்டு போட்டால், பரணியா பதூதாவா என்று பெயரையும் போடுங்கள்.