கூடைப்பந்து இறுதிப் போட்டி பார்ப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சர்வதேச ஆண்கள் கூடைப்பந்தில் பெரிய இறுதிப் போட்டி எது வந்தாலும், பயிற்சிக்கு வரும் பையன்களையும் அவர்களோடு வரும் அண்ணன், அப்பாக்களையும் சேர்த்து உட்கார வைத்துப் பார்ப்பது எங்கள் வழக்கம். ஆட்டத்தைப் பார்க்கத் தெரிந்த பையன் சீக்கிரம் ஆடவும் கற்றுக்கொள்கிறான் என்பதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். ஆனால் புதிதாகப் பார்க்க வருகிறவர்கள் ஒவ்வொரு தடவையும் அதே இடங்களில்தான் தடுக்கி விழுகிறார்கள். ஒரு காலத்தில் நானும் தடுக்கிய இடங்கள்தான். எந்த ஜெர்சி எந்த நாடு, மூன்று புள்ளிக் கோடு எங்கே இருக்கிறது என்பதெல்லாம் பத்து நிமிடத்தில் தானாகப் பிடிபட்டுவிடும். அவற்றை விட்டுவிட்டு மற்றவற்றைச் சொல்கிறேன்.

என்பிஏ விதிகளை மனதில் வைத்துக்கொண்டு பார்ப்பது

யூடியூபில் என்பிஏ, அதாவது அமெரிக்கத் தொழில்முறை லீக், பார்த்து வளர்ந்த பையன்கள் செய்வது இது. உலகக் கோப்பையும் ஒலிம்பிக்கும் சர்வதேசக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபிபாவின் விதிப்படி நடப்பவை. ஒரு குவார்ட்டர் (ஆட்டத்தின் கால் பங்கு) 10 நிமிடம்தான், 12 அல்ல. ஐந்தாவது ஃபவுலில் ஆள் வெளியே போய்விடுவார். என்பிஏவில் அதற்கு ஆறு ஆக வேண்டும். ஐந்தே ஃபவுல்தான் என்பதால், முதல் குவார்ட்டரில் வாங்கும் இரண்டு ஃபவுல் இங்கே பெரிய தலைவலி.

அதிகம் சண்டை வருவது ரிங் விஷயத்தில். எறிந்த பந்து ரிங்கில் பட்டுத் துள்ளினால், அது இன்னும் ரிங்குக்கு நேர் மேலே இருந்தாலும் யார் வேண்டுமானாலும் தட்டலாம். தடுப்பவர் தட்டி வெளியே தள்ளினாலும் சரி, தாக்குபவர் உள்ளே தள்ளினாலும் சரி, ஃபிபாவில் அது நியாயமான ஆட்டம். என்பிஏவில் அதே செயல் கோல்டெண்டிங் என்ற விதிமீறல். உயரமான ஆள் ரிங் மேலிருந்து பந்தைத் தட்டிவிட்டதும் அறையே எழுந்து நின்று "ரெஃப்ரி தூங்குறாரா?" என்று கத்தும். ரெஃப்ரி விழித்துக்கொண்டுதான் இருக்கிறார்.

இரண்டு பேர் பந்தைப் பிடித்து மல்லுக்கட்டினால் மறுபடி ஜம்ப் பால் (ரெஃப்ரி பந்தை மேலே எறிய இருவர் எம்பித் தட்டுவது) போட மாட்டார்கள். ஸ்கோரர் மேஜையில் இருக்கும் அம்புக்குறி எந்தப் பக்கம் காட்டுகிறதோ அந்த அணிக்குப் பந்து போகும்.

கடைசி குவார்ட்டருக்கு வந்து சேர்வது

"பாஸ்கெட்பாலா? கடைசி ரெண்டு நிமிஷம் பார்த்தா போதும்." இதைக் கேட்டால் இன்றைக்கும் எனக்குச் சுருக்கென்று கோபம் வரும். இதைச் சொல்கிறவர்கள் பெரும்பாலும் ஆட்டத்தை ஓரளவு தெரிந்தவர்கள். அவர்கள் சொல்வதைக் கேட்டுப் பையன்களும் அப்படியே பழகிவிடுகிறார்கள்.

2023 செப்டம்பர் 10, மணிலாவில் உலகக் கோப்பை இறுதிப் போட்டி. ஜெர்மனியும் செர்பியாவும். நம் நேரத்துக்கு மாலை ஆறு மணிக்கு மேல் ஆரம்பம் என்பதால் எங்கள் அறையில் நல்ல கூட்டம். முதல் பாதி முடியும்போது 47-47. 15 நிமிட இடைவேளை என்றதும் பாதிப் பேர் டீக்கடைக்குக் கிளம்பினார்கள். டீ, வடை, அப்புறம் அரட்டை. அவர்கள் திரும்பி வந்து உட்காரும்போது திரையில் ஜெர்மனி 69, செர்பியா 57.

"சார், என்ன ஆச்சு?"

ஆட்டமே ஆகிவிட்டது. மூன்றாவது குவார்ட்டரில் ஜெர்மனி 22 புள்ளி, செர்பியா 10. முதல் இருபது நிமிடத்தில் 47 எடுத்த அணி அடுத்த பத்து நிமிடத்தில் வெறும் 10 எடுத்திருக்கிறது. கோப்பை கைமாறியது அந்தப் பத்து நிமிடத்தில்தான்.

டீக்குப் போகாமல் இருந்த எட்டாம் வகுப்புப் பையன் ஒருவன் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் குறித்துக்கொண்டே வந்தான். செர்பியா ஒவ்வொரு முறை பந்தைக் கொண்டுவரும்போதும், கூடை விழுந்தால் ஒரு வட்டம், விழாவிட்டால் ஒரு பெருக்கல் குறி. முதல் பாதி வரிகளில் வட்டமும் பெருக்கலும் கலந்து கிடந்தன. மூன்றாவது குவார்ட்டர் வரியில் பெருக்கல் குறிகள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு ஓரம் வரைக்கும் போயிருந்தன. நான் விளக்க வேண்டிய வேலையே இல்லாமல் போயிற்று. நோட்டைக் கையில் வாங்கி டீக்குப் போனவர்களிடம் காட்டினேன்.

இதில் கவனிக்க வேண்டிய இன்னொன்று உண்டு. நான்காவது குவார்ட்டரை மட்டும் எடுத்தால் செர்பியா 20, ஜெர்மனி 14. அதை மட்டும் பார்த்தவர் செர்பியாதான் நல்ல அணி, ஏதோ அதிர்ஷ்டத்தில் தோற்றது என்றுதான் நினைப்பார். செர்பியாவின் அவ்ராமோவிச் வேகமாக ஆடினார். வித்தியாசம் குறைந்துகொண்டே வந்து, முக்கால் நிமிடம்கூட மிச்சமில்லாதபோது 79-77 ஆனது. அங்கிருந்து ஜெர்மனியின் டென்னிஸ் ஷ்ரோடர் தடுப்பவரைத் தாண்டி உள்ளே நுழைந்து, கூடைக்குப் பக்கத்திலிருந்து ஒரு லே-அப் போட்டார். அப்புறம் இரண்டு ஃப்ரீ த்ரோ, அதாவது ஃபவுலுக்காக யாரும் தடுக்காமல் எறியும் வாய்ப்பு. 83-77. அவருக்கு அன்று 28 புள்ளி. "ஷ்ரோடர் காப்பாத்திட்டார்" என்று எல்லோரும் சொன்னார்கள். காப்பாற்றினார், உண்மைதான். ஆனால் அவர் காப்பாற்றும்படி அங்கே ஒரு 12 புள்ளி முன்னிலை இருந்ததே, அது எங்கிருந்து வந்தது? நேரத்துக்குத் திரும்பி வராதவர்களுக்கு இந்தக் கேள்வியே தோன்றவில்லை.

இதற்கு நேர் எதிராக ஓர் ஆட்டத்தைச் சொல்லி என்னிடம் வாதாடுவார்கள்: 2024 பாரிஸ் ஒலிம்பிக் அரையிறுதி. மூன்று குவார்ட்டர் முடிந்தபோது செர்பியா 76, அமெரிக்கா 63. கடைசி குவார்ட்டரில் அமெரிக்கா 32-15 என்று அள்ளிக்கொண்டு 95-91 என்று ஜெயித்தது. கடைசி குவார்ட்டர்தானே முடிவு செய்தது என்பார்கள். சரி, அன்றைக்கு முடிவு செய்தது அதுதான். ஆனால் ஸ்டீஃபன் கரி, லெப்ரான் ஜேம்ஸ், கெவின் டுரான்ட் எல்லோரும் இருந்த ஓர் அணியை முப்பது நிமிடம் பின்னால் ஓடவைத்தது செர்பியா. ஒரு பயிற்சியாளர் தன் பையன்களுக்குக் காட்ட வேண்டிய கூடைப்பந்து அந்த முப்பது நிமிடத்தில்தான் நிறைய இருக்கிறது. கடைசியில் வந்தவர் அமெரிக்காவின் மீட்சியைப் பார்த்தார். எதிலிருந்து மீண்டார்கள் என்பதைப் பார்க்கவில்லை.

இரண்டு நாள் கழித்து நடந்த இறுதிப் போட்டியிலும் இதே கதை. அமெரிக்கா 98, பிரான்ஸ் 87. எல்லோருடைய போனிலும் சுற்றியது கரி கடைசி மூன்று நிமிடத்துக்குள் போட்ட நான்கு த்ரீ பாயிண்டர்கள். அற்புதமானவை, நானும் திரும்பத் திரும்பப் பார்த்தேன். ஆனால் அந்த நான்கும் ஏன் தேவைப்பட்டன? சொந்த ஊர்க் கூட்டத்தின் முன்னால் பிரான்ஸ் விடாமல் துரத்தி வித்தியாசத்தை மூன்று புள்ளிக்குக் கொண்டுவந்துவிட்டது. விக்டர் வெம்பன்யாமா 26 எடுத்தார், கெர்ஷோன் யாபுசெலே 20 எடுத்தார். ஹைலைட்ஸ் மட்டும் பார்த்த பையன் ஒருவன் என்னிடம் "ஈஸியா ஜெயிச்சுட்டாங்கல்ல சார்" என்றான். அவனைத் திட்டவில்லை. முழு ஆட்டத்தையும் போட்டுக் கொடுத்தேன்.

ஹைலைட்ஸில் டிஃபென்ஸ் தெரியாது. விழுந்த கூடைகளைத்தான் வெட்டி ஒட்டுவார்கள். ஒரு முறை பந்து கிடைத்தால் எறிய இருக்கும் 24 விநாடியும் முட்டி மோதிக் கடைசியில் வேண்டாவெறுப்பாக எறிய வைத்ததை யாரும் வெட்டி எடுப்பதில்லை. மணிலாவில் மூன்றாவது குவார்ட்டரில் ஜெர்மனி செய்தது பெரும்பாலும் அதுதான்.

அதனால் எங்கள் அறையில் இப்போது ஒரு கட்டுப்பாடு வைத்திருக்கிறேன். டீ உள்ளேயே வரும். இடைவேளை முடிந்த முதல் ஐந்து நிமிடம் யாரும் எழக்கூடாது. கோச் உள்ளே பேசியது என்ன என்பது அப்போதுதான் வெளியே தெரியும். யார் யாரைப் பிடிக்கிறார்கள் என்பது மாறியிருக்கிறதா? ஸ்கிரீன் போடும்போது, அதாவது தாக்குபவர் ஒருவர் தடுப்பவரின் வழியை மறித்து நிற்கும்போது, தடுப்பவர்கள் ஆளை மாற்றிக்கொள்கிறார்களா, அல்லது அடியில் நுழைந்து போகிறார்களா? முதல் பாதியில் ஃபவுல் சேர்ந்து பெஞ்சில் இருந்தவர் திரும்ப வந்திருக்கிறாரா? நாலைந்து முறை பந்து போய் வருவதற்குள் இவ்வளவும் கண்ணில் பட்டுவிடும்.

ஸ்கோரை மட்டும் பார்ப்பது

புள்ளிக்குப் பக்கத்தில் இன்னும் இரண்டு எண்கள் ஓடிக்கொண்டிருக்கும்: அணியின் ஃபவுல் எண்ணிக்கை, மிச்சமிருக்கும் டைம் அவுட். ஒரு குவார்ட்டரில் ஓர் அணி நான்கு ஃபவுல் செய்துவிட்டால், அதற்குப் பிறகு அந்த அணி தடுக்கும்போது செய்யும் ஒவ்வொரு ஃபவுலுக்கும் எதிரணிக்கு இரண்டு ஃப்ரீ த்ரோ. ஆறு நிமிடம் மிச்சமிருக்கும்போதே நான்கைத் தொட்டுவிட்ட அணி கையை இறக்கி, ஓர் அடி தள்ளி நின்றுதான் தடுக்க வேண்டும். எதிரணியும் அதைத் தெரிந்துகொண்டு நேராக உள்ளே ஓடிவரும். குவார்ட்டர் மாறினால் அணியின் கணக்கு பூஜ்யத்துக்குப் போகும், ஆளின் கணக்கு போகாது. நன்றாக ஆடிக்கொண்டிருப்பவரை ஏன் வெளியே உட்கார வைத்தார்கள் என்று அப்பாக்கள் கேட்பார்கள். அவர் பெயருக்கு நேரே எத்தனை ஃபவுல் என்று பாருங்கள், பதில் அங்கே இருக்கும்.

டைம் அவுட்டும் அப்படித்தான். முதல் பாதியில் இரண்டு, இரண்டாம் பாதியில் மூன்று. ஆனால் கடைசி இரண்டு நிமிடத்துக்குள் மூன்றையும் வைத்துக்கொண்டு நுழைந்தால் இரண்டைத்தான் பயன்படுத்த முடியும். கடிகாரம் 2:10 காட்டும்போது காரணமே இல்லாததுபோல் கோச் டைம் அவுட் கேட்டால், காரணம் அதுவாக இருக்கலாம்.

பந்தின் பின்னாலேயே கண்ணை ஓடவிடுவது

ஒரு குவார்ட்டர் முழுக்க ஒரே ஓர் ஆளைப் பாருங்கள். பந்து அவரிடம் இல்லாதபோதும் பாருங்கள்.

அமெரிக்கா இல்லையா, அப்போ வேண்டாம் என்பது

2019, 2023 இரண்டு உலகக் கோப்பையின் இறுதியிலும் அமெரிக்கா இல்லை. 2023 அரையிறுதியில் ஜெர்மனி அவர்களை 113-111 என்று தோற்கடித்த மறுநாளே எங்கள் கூட்டத்தில் சிலர் "ஃபைனலுக்கு வரலை சார்" என்றார்கள். வராதவர்கள் எதை இழந்தார்கள் தெரியுமா? செர்பியாவின் கோச் ஸ்வெட்டிஸ்லாவ் பெஷிச். 1993-இல் ஜெர்மனிக்கு ஐரோப்பியக் கோப்பையை வாங்கிக் கொடுத்த அதே மனிதர், முப்பது வருடம் கழித்து உலகக் கோப்பை இறுதியில் ஜெர்மனிக்கு எதிரே நிற்கிறார். 2019-இல் பெய்ஜிங்கில் ஸ்பெயின் 95-75 என்று அர்ஜென்டினாவை ஜெயித்தது. ஆட்டம் ஒருபக்கமாகப் போனது, மறுக்கவில்லை. ஆனால் அர்ஜென்டினா பக்கம் 39 வயது லூயிஸ் ஸ்கோலா இருந்தார். 2002 உலகக் கோப்பை இறுதியில் தோற்ற அணியிலும், 2004 ஏதென்ஸில் ஒலிம்பிக் தங்கம் வாங்கிய அணியிலும் இருந்தவர். பதினைந்து வருடம் கழித்து இன்னோர் இறுதிப் போட்டிக்கு அவர் தன் அணியோடு நடந்து வந்ததை எங்கள் பையன்கள் பார்க்க வேண்டும் என்று விரும்பினேன்.

அதிகப் புள்ளி எடுத்தவர்தான் எல்லாம் என்பது

2025 ஐரோப்பியக் கோப்பை இறுதி, ரீகா. துருக்கியின் ஷெங்குன் 28 எடுத்தார். ஜெர்மனி 88-83 என்று ஜெயித்தது. அந்த இறுதி ஆட்டத்தின் சிறந்த வீரராகத் தேர்வானவர் 20 புள்ளி எடுத்த ஐசக் போங்கா.

கடைசி நிமிடங்கள் இழுக்கின்றன என்று அலுத்துக்கொள்வது

முழுதும் பார்த்தவர்களும் கடைசியில் பொறுமை இழப்பது இங்கேதான். நான்காவது குவார்ட்டரின் கடைசி இரண்டு நிமிடத்தில் கூடை விழுந்தாலே கடிகாரம் நின்றுவிடும். பின்தங்கிய அணி வேண்டுமென்றே ஃபவுல் செய்யும். எதிரணியை ஃப்ரீ த்ரோ போட வைத்து, பந்தைத் திரும்ப வாங்கி, நேரத்தை மிச்சம் பிடிப்பார்கள். யாரை ஃபவுல் செய்கிறார்கள் என்று கவனியுங்கள். ஃப்ரீ த்ரோவில் தடுமாறுபவரைத் துரத்திப் பிடிப்பார்கள். முன்னிலையில் இருக்கும் அணி பந்தை நம்பிக்கையான கைக்குச் சேர்க்கப் படாதபாடு படும். ஐந்து பேரும் ஓடுவது அதற்காகத்தான்.

பக்கத்தில் போனில் லைவ் ஸ்கோர்

கவிழ்த்து வையுங்கள். போனில் வரும் ஸ்கோரைவிட உங்கள் டிவி திரை பின்தங்கியிருக்கும்.

தேதியை மட்டும் குறித்துக்கொள்வது

பாரிஸ் இறுதிப் போட்டி ஆகஸ்ட் 10 என்றுதான் எல்லா இடத்திலும் போட்டிருந்தது. அங்கே இரவு ஒன்பதரை என்றால் இங்கே 11-ஆம் தேதி அதிகாலை ஒரு மணி. 10-ஆம் தேதி காலையிலிருந்து சேனலைத் தேடியவர்களை எனக்குத் தெரியும். அடுத்த உலகக் கோப்பை 2027-இல் கத்தாரின் தோஹாவில். நமக்கும் அவர்களுக்கும் இரண்டரை மணி நேரம்தான் வித்தியாசம். அங்கே இரவு எட்டு மணி ஆட்டம் என்றால் இங்கே பத்தரை. மூன்றாவது குவார்ட்டர் பதினொன்றரை மணி வாக்கில் வரும். மறுநாள் பள்ளி இருந்தால் பையன்களை மதியமே கொஞ்சம் தூங்க வைத்துவிடுங்கள்.