மருந்தியல் படிக்க முதல் பாடநூல் உங்கள் வீட்டு மாத்திரை டப்பா

பழைய வண்ணாரப்பேட்டையில் மருந்துக்கடை வைத்திருக்கிறேன். பி.பார்ம், நர்சிங் சேர்ந்த அக்கம்பக்கத்துப் பிள்ளைகள் கடைக்கு வந்தால் தவறாமல் சொல்வது, "அண்ணா, பார்மகாலஜி மட்டும் தலையில் ஏற மாட்டேன் என்கிறது." எனக்கும் ஏறவில்லை. தடித்த புத்தகத்தை முதல் பக்கத்திலிருந்து உருப்போட்டு, அந்தத் தாளில் கோட்டைவிட்டவன் நான். பிறகு கைகொடுத்த வழி இது.

முதல் படி: வீட்டிலுள்ள மாத்திரை அட்டைகளைத் தரையில் பரப்புங்கள். கம்பெனி வைத்த பெயரை விட்டுவிட்டு, உள்ளே இருக்கும் மருந்தின் பெயரை நோட்டில் எழுதுங்கள். காய்ச்சல் மாத்திரை, சளி மாத்திரை இரண்டிலும் பாராசிட்டமால் இருப்பது பெரும்பாலும் இப்போதுதான் கண்ணில் படும். பெரியவர்களுக்கு ஒரு நாளின் உச்ச வரம்பு 4 கிராம். 650 மி.கி. மாத்திரை ஆறு என்றால் 3.9 கிராம். அதன்மேல் ஒரு சளி மாத்திரை போட்டாலே கணக்கு தப்பிவிடும், அடி விழுவது கல்லீரலுக்கு.

இரண்டாம் படி: பெயரின் வாலைப் பாருங்கள். பிரஷர் மாத்திரைகளான அம்லோடிபின், நிஃபெடிபின் ஒரு குடும்பம். அடெனோலால், புரோபுரனோலால் இன்னொன்று. இதற்கு ஒரு மாலை போதும்.

மூன்றாம் படியில் நிதானம் வேண்டும். விழுங்கிய மாத்திரை எங்கே போகிறது? குடலில் உறிஞ்சப்பட்ட மருந்து நேரே உடம்பெங்கும் பரவிவிடாது. போர்ட்டல் சிரை வழியாக முதலில் கல்லீரலுக்குப் போகும். துறைமுகத்தில் இறங்கிய சரக்கு சுங்கச் சோதனையில் நிற்பதைப் போலத்தான். சில மருந்துகளில் பெரும்பகுதி அங்கேயே சிதைக்கப்பட்டுவிடும். நெஞ்சுவலிக்கான நைட்ரோகிளிசரின் அப்படிப்பட்டது. அதனால்தான் அதை நாக்குக்கு அடியில் வைக்கச் சொல்கிறார்கள். அங்கிருந்து ரத்தத்துக்குப் போகும் வழியில் கல்லீரல் குறுக்கிடாது. காசிமேட்டில் கரையேறும் மீனுக்கு ஏது சுங்கம்!

நான்காம் படி அரை ஆயுள், அதாவது ரத்தத்தில் மருந்தின் அளவு பாதியாகக் குறைய ஆகும் நேரம். கும்மிடிப்பூண்டியிலிருந்து வரும் மின்சார ரயில் எண்ணூரை விட்டுக் கிளம்பும்போது 400 பேர் இருக்கிறார்கள். ஒவ்வொரு ஸ்டேஷனிலும் பாதிப் பேர் இறங்குகிறார்கள், யாரும் ஏறவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். (காலை எட்டு மணி வண்டியில் இது நடக்காது, கணக்குக்காகச் சொல்கிறேன்.) கத்திவாக்கம் தாண்டினால் 200, விம்கோ நகர் தாண்டினால் 100, திருவொற்றியூர் தாண்டினால் 50. பாராசிட்டமாலுக்கு இந்த ஸ்டேஷன் இடைவெளி இரண்டு மூன்று மணி நேரம். அம்லோடிபினுக்கோ 30 முதல் 50 மணி நேரம்! ஆகவே அது நாளுக்கு ஒரு வேளை போதும். ஆனால் தினமும் சாப்பிட்டாலும் ரத்தத்தில் அதன் அளவு ஒரு நிலைக்கு வர ஒரு வாரத்துக்கு மேல் ஆகும். "ரெண்டு நாளாகப் போடுகிறேன், பிரஷர் இறங்கவில்லை, வேறு மாத்திரை கொடு தம்பி" என்று கேட்கும் அம்மாக்களுக்கு நான் சொல்லும் பதில் இதுதான்: "இன்னும் சில நாள் பொறுங்கள், நீங்களாக மாற்றாதீர்கள், டாக்டரிடம் கேளுங்கள்."

ஐந்தாம் படி: மருந்து போய் ஒட்டும் இடம், ஏற்பி. எங்கள் பக்கம் இன்ஹேலர் இல்லாத தெரு அரிது என்பதால் அதையே எடுத்துக்கொள்ளுங்கள். அதிலுள்ள சால்பியூட்டமால் என்ற மருந்து மூச்சுக்குழாய்த் தசையிலுள்ள பீட்டா-2 ஏற்பியைத் தூண்டும், குழாய் விரியும். படபடப்புக்குக் கொடுக்கும் புரோபுரனோலால் அதே ஏற்பியை அடைத்துவிடும். ஆஸ்துமாக்காரருக்கு அது ஏன் ஆகாது என்பதை இனி நீங்கள் உருப்போட வேண்டியதில்லை.

அடுத்து சர்க்கரை மாத்திரையான மெட்ஃபார்மினை எடுத்து, மூன்றாம் படியிலிருந்து நீங்களே எழுதிப் பாருங்கள். ஒரு குறிப்பு மட்டும் தருகிறேன்: கல்லீரல் அதை மாற்றுவதில்லை, சிறுநீரகம் அப்படியே வெளியேற்றுகிறது. அந்த மாத்திரை சாப்பிடுபவர்களுக்கு டாக்டர் ஏன் கிரியாட்டினின் பரிசோதனை (சிறுநீரகம் எப்படி வேலை செய்கிறது என்று பார்க்கும் ரத்தப் பரிசோதனை) எழுதுகிறார் என்பது உங்கள் நோட்டில் தானாக வந்து நிற்கும்.