ஊருக்குக் கிளம்பும்போது ஆஸ்துமாவும் கூட வரும்

ஊர் மண்ணை மிதித்தால் நோய்நொடி எல்லாம் ஓடிவிடும் என்று நம்புகிறவர்கள் நம்மில் நிறையப் பேர். நானும் நம்பினேன். முதல் வாரம் அது உண்மை போலத்தான் இருந்தது. காலையும் இரவும் இழுக்க வேண்டிய ஸ்டீராய்டு இன்ஹேலர் பெட்டியின் அடியிலேயே கிடந்தது. மூச்சு சீராகப் போனது. பன்னிரண்டாம் நாள் இரவு இரண்டு மணிக்கு, கட்டில் ஓரத்தில் இரண்டு கையையும் ஊன்றிக் குனிந்து உட்கார்ந்திருந்தேன். ஒரு வாக்கியம் சொல்லி முடிக்க மூன்று தடவை மூச்சு வாங்கியது.

அந்த நல்ல முதல் வாரம் ஊர்க் காற்றின் புண்ணியம் அல்ல, கிளம்பும்வரை எடுத்த மருந்தின் மிச்சம். அதனால் தாயகம் போகும் ஆஸ்துமாக்காரர்களுக்கு முதலில் சொல்வது இதுதான்: மற்ற எதை மறந்தாலும் அந்த ஸ்டீராய்டு இன்ஹேலரை, அதாவது தடுப்பு இன்ஹேலரை நிறுத்தாதீர்கள்.

வீசிங், இளைப்பு, முட்டு, தொய்வு என்று எந்தப் பெயரில் சொன்னாலும் உள்ளே நடப்பது ஒன்றுதான். மூச்சுக்குழாயின் உட்சுவர் வீங்கிச் சளி கட்டுகிறது. சுற்றியுள்ள தசை இறுகுகிறது. அவசரத்துக்கு அடிக்கும் சால்பியூட்டமால் இன்ஹேலர் சில நிமிடங்களில் தசையைத் தளர்த்தும், நாலைந்து மணி நேரம் தாங்கும். வீக்கத்தை அது தொடுவதே இல்லை. வீக்கத்தை அடக்குவது ஸ்டீராய்டு இன்ஹேலர். அது மெதுவாக வேலை செய்வதால் அதன் அருமை நமக்குத் தெரிவதில்லை. சால்பியூட்டமாலை மட்டுமே நம்பி ஆஸ்துமாவை ஓட்டக் கூடாது என்று சர்வதேச ஆஸ்துமா வழிகாட்டு அமைப்பான ஜினா 2019இலேயே சொல்லிவிட்டது. ஸ்டீராய்டும், தசையைத் தளர்த்தும் ஃபார்மோட்டெராலும் சேர்ந்த ஒரே ‘சேர்க்கை’ இன்ஹேலரை அன்றாடத்துக்கும் அவசரத்துக்கும் வைத்திருப்பவர்கள் இப்போது பலர். உங்களுடையது எந்த வகை என்று கிளம்பும் முன் தெளிவாகத் தெரிந்துகொள்ளுங்கள். நேர வித்தியாசம் பற்றிக் கவலை வேண்டாம். போய் இறங்கிய இடத்தின் காலையும் இரவும்தான் கணக்கு.

பயணத்துக்கு ஒரு மாதம் முன்பே மருத்துவரைப் பாருங்கள். மருந்துகளின் பொதுப்பெயர், அளவு, ஒவ்வாமை எல்லாவற்றையும் ஒரே தாளில் எழுதி வாங்குங்கள். பிராண்டு பெயர் நாட்டுக்கு நாடு மாறும். அமெரிக்காவில் அல்பியூட்டரால் என்பதும் மற்ற இடங்களில் சால்பியூட்டமால் என்பதும் ஒரே மருந்து. நிறத்தையும் நம்ப முடியாது. “அந்த நீலக் கலர் கொடுங்கள்” என்று கேட்டு வாங்கினால் வேறு ஏதாவது கைக்கு வரலாம். ஃப்ளூ தடுப்பூசி போடுவதென்றால் கிளம்ப இரண்டு வாரம் இருக்கும்போதே போட்டுவிடுங்கள், உடம்பு எதிர்ப்பைத் தயார் செய்ய அவ்வளவு நாள் பிடிக்கும். பல பேருக்கு ஆஸ்துமாவைக் கிளப்புவது தூசியைவிடச் சளிக் காய்ச்சல்தான்.

இன்ஹேலர்கள் கைப்பையில்தான் இருக்க வேண்டும், பெட்டியில் போட்டு அனுப்பாதீர்கள். அவசர இன்ஹேலர் இரண்டு இருக்கட்டும். ஒன்றில் பொதுவாக 200 பஃப், அதாவது 200 அழுத்து. எண்ணும் முகப்பு இல்லாத பழைய டப்பாவைத் தண்ணீரில் மிதக்கவிட்டுப் பார்க்கும் வித்தை இன்னும் உலவுகிறது. அது சரியான கணக்குத் தராது. மருந்து தீர்ந்த பிறகும் உந்துவாயு மட்டும் ‘புஸ்’ என்று வரும். வெயிலில் நிறுத்திய காருக்குள் இன்ஹேலரை விடாதீர்கள், அழுத்தத்தில் அடைத்த டப்பா அது. பொடி இன்ஹேலருக்கு ஈரக்காற்று எதிரி, குளியலறையில் வைக்க வேண்டாம்.

டப்பா இன்ஹேலரை மாட்டி மருந்தை இழுக்கும் பிளாஸ்டிக் குழாயான ஸ்பேசரை, இடத்தை அடைக்கிறது என்று விட்டுவிட்டுப் போகிறவர்கள் அதிகம். அது இல்லாமல் அடித்தால் மருந்தில் பெரும்பங்கு தொண்டையிலேயே ஒட்டிக்கொள்ளும். கழுவும்போது சோப்புத் தண்ணீரில் முக்கி எடுத்து, துடைக்காமல் தானாகக் காயவிடுங்கள். துணியால் தேய்த்தால் பிளாஸ்டிக்கில் நிலைமின்சாரம் ஏறி மருந்தை உள்சுவரே இழுத்துக்கொள்ளும். டப்பா இன்ஹேலரை மெதுவாக ஆழ்ந்து இழுக்க வேண்டும், பொடி வகையை வேகமாகவும் பலமாகவும். இரண்டிலும் பத்து விநாடி மூச்சைப் பிடிக்கவும். ஸ்டீராய்டு எடுத்த பிறகு வாய் கொப்பளித்துத் துப்பவும், இல்லாவிட்டால் வாயில் பூஞ்சை வெள்ளையாகப் படியும்.

அப்புறம் தங்கும் வீடு. பல மாதம் பூட்டிக் கிடந்த வீட்டை நீங்களே திறந்து தூசி தட்டப் போகாதீர்கள். மருந்தை நிறுத்தியிருந்த எனக்கு அந்த இரவு இளைப்பைக் கிளப்பிவிட்டது நான் ஆசையாக உதறி விரித்த பழைய மெத்தைதான். ஈரப்பதமான இடங்களில் தூசிப்பூச்சி மெத்தையிலும் தலையணையிலும்தான் குடியிருக்கும். கண்ணுக்குத் தெரியாது. நீங்கள் போய்ச் சேரும் முன் வேறு யாராவது ஈரத் துணியால் துடைத்து, சன்னல்களைத் திறந்து வைக்கட்டும். விரிப்பையும் உறையையும் 60 டிகிரி வெந்நீரில் துவைத்தால் பூச்சி சாகும். சுவரில் பூஞ்சை பிடித்த அறையில் படுக்க வேண்டாம், எவ்வளவு அன்பாகக் கொடுத்தாலும் சரி.

கொசுவத்திச் சுருள் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். ஒரு சுருள் எரிந்து முடிந்தால் வரும் நுண்துகள், 75 முதல் 137 சிகரெட் எரிந்ததற்குச் சமம் என்று ஓர் ஆய்வு 2003இல் அளந்து சொன்னது. மூடிய அறையில் அதைப் பற்ற வைத்துவிட்டு அவசர இன்ஹேலரைத் தலைமாட்டில் வைத்துக்கொள்வதில் என்ன பயன்? கொசுவலை கட்டுங்கள்.

கடைசி ஆபத்து மாத்திரை. உடம்பு வலிக்கு யாராவது கையில் கொடுக்கும் ஆஸ்பிரின், இபுபுரோஃபென், டைக்ளோஃபெனாக் ஆகியவை சில ஆஸ்துமாக்காரர்களுக்குக் கடுமையான இளைப்பைக் கொண்டுவரும். அப்படி முன்பு வந்திருந்தால் தாளில் எழுதி வையுங்கள். இரத்த அழுத்தம், படபடப்பு போன்றவற்றுக்குத் தரும் புரோப்ரனோலால் மாத்திரையும், கண் அழுத்தத்துக்கான டிமோலால் சொட்டு மருந்தும்கூட மூச்சுக்குழாயை இறுக்கலாம்.

“இந்தப் பம்பைப் பழக்கப்படுத்தாதே தம்பி, பிறகு விட முடியாது. மாத்திரை போடு” என்று என் சித்தி இன்றைக்கும் சொல்வார். அவரிடம் நான் ஒரு கணக்குத்தான் சொன்னேன். ஒரு பஃப் சால்பியூட்டமால் 100 மைக்ரோகிராம், ஒரு மாத்திரை 4 மில்லிகிராம், அதாவது நாற்பது பஃப். அத்தனையும் இரத்தத்தில் சுற்றி, கையை நடுங்க வைத்து, நெஞ்சைப் படபடக்க வைத்துவிட்டுத்தான் நுரையீரலுக்கு வரும். சித்தி ஒன்றும் சொல்லாமல் உள்ளே போனார். ஒத்துக்கொண்டார் என்று அர்த்தம் இல்லை.

இளைப்பு வந்துவிட்டால் என்ன செய்வது? படுக்காதீர்கள், நிமிர்ந்து உட்காருங்கள். ஸ்பேசரில் சால்பியூட்டமால் ஒவ்வொரு பஃபாக, அரை நிமிடத்திலிருந்து ஒரு நிமிடம் இடைவெளி விட்டு, பத்து வரை எடுக்கலாம். சேர்க்கை இன்ஹேலர் வைத்திருப்பவர்கள் தங்கள் மருத்துவர் எழுதிக் கொடுத்த அளவைப் பின்பற்றவும். பத்திலும் தணியாவிட்டாலும், பேச முடியாமல் போனாலும், உதடு நீலம் பாய்ந்தாலும் உடனே ஆம்புலன்ஸ். விடியட்டும் பார்க்கலாம் என்று காத்திருக்க வேண்டாம். விசில் சத்தம் நின்றுவிட்டது என்று நிம்மதி அடையவும் வேண்டாம். காற்று போக வழியில்லாமல் அடங்கினாலும் சத்தம் நிற்கும்.

ஊர் அவசர எண்ணை இறங்கிய அன்றே கைபேசியில் ஏற்றுங்கள். மருந்துத் தாளை எங்கே வைத்திருக்கிறீர்கள் என்று பக்கத்து அறையில் படுப்பவருக்குச் சொல்லி வையுங்கள். எனக்கு அன்றைக்குப் பேச வரவில்லை. தாள் பெட்டியின் அடியில், அந்த இன்ஹேலருக்குப் பக்கத்தில் கிடந்தது.