பேசும் காருக்கு முகமும் பிழைப்பும் அமைப்பது எப்படி

பேசும் காரை அனிமேஷன் பாத்திரமாக்க விரும்புவோர், கண்களை எங்கே வைப்பது என்பதை முதலில் முடிவு செய்ய வேண்டும். முகப்பு விளக்குகளில் வைத்தால் பார்வை தரையோடு ஒட்டிவிடும். 2006-இல் வெளியான பிக்சார் அனிமேஷன் நிறுவனத்தின் ‘கார்ஸ்’ படத்தில் முன்கண்ணாடியே கண்களாகவும் பம்பர்ப் பகுதி வாயாகவும் அமைந்ததால், முகம் முழுவதும் பேசுகிறது. தகட்டை ரப்பர்போல வளைப்பது என் பார்வையில் மலிவான உத்தி. கூச்சத்தை முன்சக்கரத்தின் சிறு திருப்பத்திலேயே காட்டிவிடலாம்.

அடுத்தது பிழைப்பு. மனிதரே இல்லாத அந்தப் படத்தின் உலகில் எரிபொருளே உணவு, மெக்கானிக்கே மருத்துவர். இதே உலகை நெல்லைக்குக் கொண்டுவந்தால், வண்ணார்பேட்டைப் பட்டறையில் பானட் திறந்து நிற்கும் கிழட்டு அம்பாசிடர், உள்ளே நுழையும் லோடு ஆட்டோவிடம் “ஏலே, சைலன்சர எங்கல தொலச்ச?” என்று கேட்கும்போது, அதன் வயதும் அதிகாரமும் ஒருசேர விளங்கிவிடும்.