காந்திக்கு டாக்டரா இருந்த சுசீலா நய்யார் பத்தி பிள்ளைங்களுக்கு பேச்சு எழுதிக் குடுக்கணுமா?

பொறந்த வருஷம், வாங்குன பட்டம்னு ஆரம்பிக்காதீங்க. நேரா 1942க்கு போங்க, புனே ஆகா கான் மாளிகை சிறை, உள்ள காந்தி, கஸ்தூரிபா, கூடவே கைதியா இந்த டாக்டரும், 1943ல காந்தி 21 நாள் உண்ணாவிரதம் இருந்தப்போ பக்கத்துலயே இருந்து கவனிச்சுக்கிட்டாங்க, அடுத்த வருஷம் பிப்ரவரில கஸ்தூரிபா அதே சிறையில இறந்துட்டாங்க. இந்த இடத்துல பிள்ளைய நிதானமா பேசச் சொல்லுங்க, பேச்சோட உயிரே இதான். அமெரிக்கால ஜான்ஸ் ஹாப்கின்ஸ் யுனிவர்சிட்டில பொது சுகாதாரம் படிச்சதுக்கு ஒரு வரி போதும். 1962ல நேரு மந்திரிசபைல சுகாதார மந்திரி ஆனாங்க, 1967 வரைக்கும் அந்தப் பதவில இருந்தாங்க. அதோட முடிச்சிடாதீங்க, பதவி போனப்புறம் 1969ல மகாராஷ்டிரால காந்தி ஆசிரமம் இருக்கிற சேவாகிராம்ல கிராமத்து ஜனங்களுக்காகவே ஒரு மெடிக்கல் காலேஜ் ஆரம்பிச்சாங்க பாருங்க, எனக்கு மந்திரி பதவியவிட அதான் பெருசு. டைம் பத்தலன்னா ஹாப்கின்ஸ வெட்டுங்க, சேவாகிராமத்துல கை வைக்காதீங்க.